டென்மார்க்குக்கு நடந்து போனவன்

காணாமல் போனவனின் குரல் நான்காவது தடவையாக மேஜைமேல் ஒலித்தபோது சுயம்புராஜுக்குப் பசி வந்துவிட்டது. பயம் வந்தால் சிலருக்கு வியர்க்கும், சிலருக்குக் கை நடுங்கும். அவனுக்குப் பசிக்கும். துப்பறியும் ஞானசெல்வியிடம் உதவியாளனாகச் சேர்ந்த பிறகு அவன் சட்டைகள் எல்லாமே இறுகிப் போயிருந்தன.

அலுவலகம் நாகர்கோவிலில், நேந்திரங்காய் சிப்ஸ் வறுக்கும் கடைக்கு மேல்மாடியில். வாசனை வேறு படியேறி வந்து அவனைப் பாடாய்ப் படுத்தியது.

"இன்னொரு தடவை போடு பிள்ளே" என்றாள் ஞானசெல்வி. கண்ணை மூடியிருந்தாள். அவள் கண்ணை மூடினால் வேலை நடக்கிறது என்று அர்த்தம்.

எதிரே உட்கார்ந்திருந்த ஜின்சி போனைத் தொட்டாள். குளச்சல்காரி. நர்சிங் படிக்கிறவள். அழுது அழுது மூக்கு சிவந்திருந்தது. போனிலிருந்து அவள் அண்ணன் டெல்வின் பேசினான். பின்னணியில் அலை இரைந்தது.

"ஏட்டி ஜின்சி, டெல்வின் பேசுதேன். ஹாலந்துல நல்ல சொகமாட்டு இருக்கேன். காலத்த ஜன்னலத் தொறந்தா கடல்ல இருந்து சூரியன் எழும்பி வரும், பாக்க நல்ல ரசமாட்டு இருக்கும். அந்தப் பக்கம் மலை. காத்தாடி எல்லாம் நின்னு சுத்துது. ஞாயித்துக்கெழம கூட்டுக்காரனுவகூட டென்மார்க்குக்கு நடந்தே போயிட்டு வந்தேன், பக்கத்து நாடுதானே. இன்னைக்கு சாயங்காலம் கப்பல் வேலைக்குக் கேறுதேன். ஆறு மாசம் போன் கிட்டாது. என்னைத் தேடண்டாம். இனி உனக்க முறை."

அவ்வளவுதான். காலையில் வந்த செய்தி. நம்பர் ஹாலந்து நம்பர்தான். ஆனால் அப்படி நம்பர் வாங்க ஹாலந்துக்குப் போகத் தேவையில்லை என்பது சுயம்புராஜுக்கே தெரியும்.

டெல்வினை அனுப்பியவன் புதுக்கடையில் போர்டு மாட்டியிருந்த ஏஜென்ட் ததேயுஸ். ஏர்போர்ட்டுக்கு வீட்டார் யாரும் வர வேண்டாம் என்று சொல்லி, குளச்சலிலேயே வேனில் ஏற்றிக்கொண்டு போனான். அதன் பிறகு டெல்வினிடமிருந்து வாராவாரம் ஹாலந்துப் பெருமை வந்தது. அதைக் கேட்டு ஊர்ப் பிள்ளைகள் பலர் ததேயுஸிடம் பாஸ்போர்ட்டைக் கொடுத்தார்கள். போன வாரம் போர்டு இருந்தது, ததேயுஸ் இல்லை.

"நல்லாத்தானே இருக்கேன்னு சொல்லுதான்" என்றான் சுயம்புராஜ். "நமக்கும் ஒரு விசா கிட்டுமான்னு கேட்டிருக்கலாம்."

"அவன் ஹாலந்துல இல்ல அண்ணே" என்றாள் ஜின்சி. "எனக்கு உறுதியாட்டு தெரியும். டென்மார்க்னு சொல்லிட்டானே."

ஞானசெல்வி கண்ணைத் திறந்தாள். "அதச் சொல்லு."

"எங்க ஊர்த் திருவிழாவுல க்விஸ் நடத்துவாவ. சாமியார் ரோமாபுரியில படிச்சவரு. பைபிள்ல ரெண்டு ரவுண்டு கேட்டா ஐரோப்பாவுல ஒரு ரவுண்டு கேக்காம விடமாட்டாரு. இளைஞர் இயக்கத்துக்கு அண்ணன், மரியாயின் சேனை டீமுக்கு நான். கடைசிக் கேள்வி, ஐரோப்பாவுல நெதர்லாந்தை, அதான் ஹாலந்தை, தொட்டுக் கெடக்க நாடுக எதுன்னு. அண்ணன் ஜெர்மனி, டென்மார்க்னுட்டான். தப்பு. சாமியார் என்னைப் பாத்து, 'இனி உனக்க முறை'ன்னாரு. நான் ஜெர்மனி, பெல்ஜியம்னு சொல்லி ஜெயிச்சேன்."

"ஓகோ."

"நாலு வருசமாச்சு, அவன் தோத்தத ஒத்துக்கிடவே இல்ல. பெல்லை நேரத்தோட அடிச்சிட்டாவன்னு சொல்லுவான். வீட்டுல யாராவது டென்மார்க்னு சொன்னாலே சோத்துத் தட்டத் தள்ளிட்டு எழும்பிப் போவான். அப்படிப்பட்டவன் தானா டென்மார்க்னு சொல்லுதான்னா…" அவள் மூக்கை உறிஞ்சிக்கொண்டாள். "தப்பா விடை சொன்னா கேள்வி அடுத்த டீமுக்குப் போவும் அக்கா. அவன் எனக்குக் கேள்வியத் தள்ளி விட்டிருக்கான்."

சுயம்புராஜ் நிமிர்ந்து உட்கார்ந்தான். பசி இரட்டிப்பானது.

"அப்பம் அவன் சொன்னதுல எதெல்லாம் தப்போ, அதெல்லாம் கேள்வி" என்றாள் ஞானசெல்வி. "வேற என்ன தப்பு இருக்கு?"

"மலை. ஹாலந்துல மலை ஏது? பாதி நாடு கடல்மட்டத்துக்கும் கீழ, அணை கட்டி வச்சிருக்காவ. காத்தாடி சரி. காற்றாலை அங்க உண்டு."

இதுவரை வாய் திறக்காமல் ஜின்சிக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருந்த சிவபிரசாத் அப்போது மேஜையைத் தட்டினார். வெளிநாடு போகிறவர்களுக்கு இங்கிலீஷ் வகுப்பு நடத்துகிறவர். டெல்வின் அவரிடம் படித்தவன். காலையிலிருந்து ஜின்சியைத் தன் காரில் ஏற்றிக்கொண்டு அலைகிற நல்ல மனுஷர். இங்கே கூட்டிக்கொண்டு வந்ததும் அவர்தான்.

"மேடம், எனக்குப் புரிஞ்சிட்டு! டென்மார்க்னா தரங்கம்பாடி. டென்மார்க்காரன் வந்து எறங்கி கோட்டை கட்டின ஊருல்லா? இவன்தான் கோட்டைன்னு தெளிவாச் சொல்லுதானே. ததேயுஸ் அங்கதான் பையனை வச்சிருக்கான். இப்பமே கெளம்பினாத்தான் பிடிக்க முடியும்."

ஞானசெல்வி அவரைக் கொஞ்ச நேரம் பார்த்தாள். பிறகு சிரித்தாள். "அறிவுன்னா இதுல்லா சார் அறிவு. சுயம்பு, பாத்துப் படிலே."

சுயம்புராஜ் திடுக்கிட்டான். அவள் யாரையும் புகழ்ந்து அவன் கேட்டதே இல்லை. போன மாதம் ஒரு திருடனைத் துரத்திப் பிடித்ததற்கு அவனுக்குக் கிடைத்த பாராட்டு, 'செருப்பு பிஞ்சு போச்சேலே' என்பதுதான்.

"நீங்க உங்க கார்ல முன்னால போங்க சார். எங்க ஆம்னி உருண்டு உருண்டு பின்னால வரும். ஜின்சி எங்ககூட வரட்டும், வழியில கேக்க வேண்டியது இருக்கு."

சிவபிரசாத் படியிறங்கி ஓடினார். எவ்வளவு அக்கறை என்று சுயம்புராஜ் மனதார நினைத்தான்.

ஆம்னி வடக்கே போனது. தோவாளை தாண்டியதும் காற்று வண்டியைப் பிடித்து உலுக்கியது. ஆரல்வாய்மொழி மலை இரண்டு பக்கமும் எழுந்து நின்றது. ஜின்சி ஜெபமாலையை உருட்டிக்கொண்டிருந்தாள். ஞானசெல்வி திடீரென்று, "ஓரமா நிறுத்துலே" என்றாள்.

"என்னக்கா?"

"தரங்கம்பாடியில எந்த மலைலே இருக்கு?"

சுயம்புராஜ் யோசித்தான். ஒரு தடவை கல்யாணத்துக்குப் போயிருக்கிறான். "மலையா? அங்க ஒரு மண்மேடு கூடக் கெடையாது. காவேரித் தண்ணி பாயுத எடமில்லா? தோசைக்கல்லு மாதிரி கெடக்கும்… அப்பம் எதுக்குக்கா அங்க போறோம்?"

"யாருலே போறா?"

அவனுக்கு மூளையில் வெளிச்சம் அடித்தது. கண்ணாடிக்கு வெளியே கை காட்டிக் கத்தினான். "அக்கா! மலை இருக்கு. காத்தாடி நூறு நிக்குது. இஞ்சதான்! இந்தச் சுத்து வட்டாரத்துலதான் பையன் இருக்கான்!"

"கடல் எங்க அண்ணே?" என்றாள் ஜின்சி மெதுவாக.

வெளிச்சம் அணைந்தது.

"அலைச் சத்தம் கேட்டுதே. கடல்ல இருந்து சூரியன் எழும்பும்னும் சொல்லுதானே."

"அது இருக்கட்டு, அதுல என்ன விசேஷம்? சூரியன் கடல்ல இருந்துதானே எழும்பும்?"

ஜின்சி அவனை ஒரு மாதிரி பார்த்தாள். "எங்க ஊர்ல கடல்ல விழத்தான் செய்யும். எழும்புறது தென்னந்தோப்புக்க பொறத்தால."

காற்று கதவிடுக்கில் விசில் அடித்தது.

"லே சுயம்பு" என்றாள் ஞானசெல்வி. "நீ எந்த ஊரு?"

"அஞ்சுகிராமம்."

"ஜின்சி, ஹாலந்துக்குக் கடல் எந்தத் திசை?"

ஜின்சி சட்டென்று குனிந்து, தூசி படிந்த கதவுக் கண்ணாடியில் விரலால் கோடு இழுத்தாள். நடுவில் ஹாலந்து. வலப்பக்கம் ஜெர்மனி. கீழே பெல்ஜியம். இடப்பக்கமும் மேலேயும் கடல். கோடு போட்ட விரல் அப்படியே நின்றது. "மேக்கேயும் வடக்கேயும்தான்க்கா. எங்க ஊரு மாதிரி. அங்கயும் சூரியன் கடல்ல விழத்தான் செய்யும்… அய்யோ, இதுவும் தப்பு! இதுதான் கேள்வி!"

சுயம்புராஜுக்குக் காது சூடாகிவிட்டது. ஐந்து தடவை கேட்டிருக்கிறான். பிறந்ததிலிருந்து காலையில் கிழக்கே பார்த்தால் கடல், அதிலிருந்து சூரியன். அதனால் அந்த வரி அவன் காதுக்குள் நுழைந்து, சொந்த வீடு மாதிரி நடந்து மறுபக்கம் போய்விட்டது. ஒருவன் உயிரைக் கையில் பிடித்துக்கொண்டு அனுப்பிய வரி அது. அவன் வெட்கப்பட்டான், நன்றாகவே வெட்கப்பட்டான்.

"நம்ம ஜில்லாவுல சூரியன் கடல்ல எழும்புத கரை எவ்வளவுலே?" என்றாள் ஞானசெல்வி.

"கொஞ்சம்தான்க்கா. கன்னியாகுமரியில இருந்து எங்க ஊர்ப் பக்கம் வரைக்கும். அங்க நின்னா மேக்க மலை தெரியும். காத்தாடியும் தெரியும்." அவன் ஏற்கனவே வண்டியைத் திருப்பிக்கொண்டிருந்தான். "ஜன்னல்ல இருந்து கடலும் மலையும் தெரியணும்னா மாடி வேணும்… வட்டக்கோட்டைக்கு அந்தால ஒரு இறால் குஞ்சுப் பண்ணை பூட்டிக் கெடக்கு. மாடி உள்ளது அது ஒண்ணுக்குத்தான். சின்னதுல அதுல ஏறி அடி வாங்கியிருக்கேன்."

"ஓட்டு."

ஆம்னி தன் வாழ்நாளில் பார்க்காத வேகத்தில் மயிலாடியைத் தாண்டியது. ஞானசெல்வி ஸ்டேஷனுக்குப் போன் பண்ணினாள். எஸ்.ஐ. வருவதாகச் சொன்னார். வெயில் சாயத் தொடங்கியிருந்தது. டெல்வின் சொன்ன சாயங்காலம் இதுதான். கம்ப்யூட்டரில் ஊரை ஏமாற்றிப் பணம் பறிக்கும் முகாம்களில் வேலை வாங்க, பையன்களைக் கிழக்கு நாடுகளுக்குக் கடத்தி விற்கிற கூட்டங்கள் உண்டு. அங்கே போய்ச் சேர்ந்தவன் போன் எடுப்பதில்லை. இதை ஜின்சியிடம் யாரும் சொல்லவில்லை. அவளுக்குத் தெரிந்திருந்தது.

"ஒண்ணு யோசி சுயம்பு" என்றாள் ஞானசெல்வி. "மெசேஜை அனுப்புததுக்கு முன்ன ஒருத்தன் கேட்டுப் பாத்திருப்பான். மலைய விட்டுட்டான், டென்மார்க்கை விட்டுட்டான். ஐரோப்பா தெரியாதவன். சூரியனையும் விட்டுட்டான். ஏன்?"

"என்னை மாதிரி ஒரு மடையன்."

"உன்னை மாதிரி ஒரு கெழக்குக் கரைக்காரன். ததேயுஸ் புதுக்கடைக்காரன். அவன் கடலும் மேக்கதான். சூரியன் கடல்ல எழும்புதுன்னதும் அவனுக்கு எங்கயோ இடிச்சிருக்கும்."

"அப்பம் யாரு?"

அவள் முன்னால் கை காட்டினாள். பனைகளுக்கு நடுவே பண்ணையின் மதில் தெரிந்தது. இரும்புக் கேட்டுக்கு உள்ளே, வாயிலைப் பார்த்துத் திருப்பி நிறுத்தியபடி ஒரு வெள்ளைக் கார். முன் கண்ணாடியில் இங்கிலீஷ் வகுப்பு ஸ்டிக்கர்.

இந்நேரம் தரங்கம்பாடி ரோட்டில் வடக்கே போய்க்கொண்டிருக்க வேண்டிய கார்.

"அய்யா!" என்றான் சுயம்புராஜ். "சிவபிரசாத் சாரா?"

"மெசேஜ்ல கோட்டைன்னு ஒரு வார்த்தையைக் கேட்டியாலே நீ?"

அவன் முழுவதையும் மனதுக்குள் ஓட்டினான். சூரியன் இருந்தது. மலை, காத்தாடி, டென்மார்க், கப்பல். கோட்டை இல்லை. எங்கேயும் இல்லை.

"காத்தாடி சுத்துதுன்னதுக்குப் பொறவு அலைச் சத்தம் அறுந்து ஒட்டுது. அந்த எடத்துல பையன் கோட்டையைச் சொல்லியிருக்கான், இவன் வெட்டிட்டான். தான் வெட்டினதைத் தானே மறந்துபோய் நம்மகிட்ட வாய்விட்டுட்டான். ஜின்சி போலீசுக்குப் போயிராமப் பாக்கத்தான் காலத்த இருந்து கூடவே சுத்தி, நம்மகிட்ட கொண்டு வந்திருக்கான்." அவள் குரல் தாழ்ந்தது. "வட்டக்கோட்டையைப் பலமாக்கிக் கட்டினது யாரு? குளச்சல்ல தோத்த டச்சுப் படையில பிடிபட்டு, பொறவு ராஜாவுக்கே சேவகம் பாத்த அதிகாரி. ஹாலந்தும் கோட்டையும் சேந்து வந்தா இந்த ஊர்க்காரன் எவனுக்கும் வட்டக்கோட்டை ஞாபகம் வரும். அதனாலதான் வெட்டினான். கோட்டை கண்ணுல பட்டுது. தெனமும் பாக்குத சூரியன் படல்ல."

"தெரிஞ்சுமா அவனைத் தனியா அனுப்பினீய?"

"கூட வச்சிருந்தா போன்ல 'இப்பமே கொண்டு போ'ன்னிருப்பான். நாம தரங்கம்பாடிக்குப் போறோம்னு நம்பினதுனாலதான் ஆற அமர வந்திருக்கான். கேட்டை அடைலே."

சுயம்புராஜ் ஆம்னியைக் கேட்டுக்குக் குறுக்கே கொண்டுபோய் நிறுத்தினான். இறங்கிப் பானெட்டைத் திறந்து தலையை உள்ளே விட்டுக்கொண்டான். எஞ்சினில் ஒரு பழுதும் இல்லை. பசிதான் உயிரை எடுத்தது.

உள்ளிருந்து சிவபிரசாத் வேகமாக வந்தார். "யாரு அது, வண்டிய எடு…" முகம் வெளுத்தது. "நீங்க… தரங்கம்பாடிக்குப் போகலியா?"

"போயாச்சு சார்" என்றான் சுயம்புராஜ் தலையை எடுக்காமலே. "இதுதானே? கடல் இருக்கு, கோட்டை இருக்கு. டென்மார்க்காரனைத்தான் காணல்ல."

அடுத்த நொடி சிவபிரசாத்தின் கை அவன் சட்டையைப் பிடித்துவிட்டது. நல்லவேளை, போலீஸ் ஜீப் அப்போது வந்து நின்றது. பிடித்த கை சட்டையைத் தடவிக் கொடுத்தது. மனுஷர் நொடியில் பழைய நல்ல மனுஷராகிவிட்டார்.

"சார், இது என் சொந்தக்காரங்க பண்ணை. சும்மா பாக்க வந்தேன். உள்ள யாருமில்ல. மாடிச் சாவி என்கிட்ட இல்ல. பாவம், அண்ணனைக் காணாம இந்தப் பிள்ளைக்கு மனசு சரியில்ல."

எஸ்.ஐ. மாடியைப் பார்த்தார். கடல் பக்கத்து ஜன்னல் மரக்கதவு சாத்தியிருந்தது. சத்தமில்லை. "உள்ள ஆள் இருக்குன்னு எதை வச்சும்மா சொல்றீங்க? சூரியனை வச்சு, டென்மார்க்கை வச்சு நான் பூட்டை உடைச்சா நாளைக்கு என்னைக் கேப்பாங்க."

ஞானசெல்வி வாய் திறக்கும் முன்னே ஜின்சி மதிலோரம் ஓடினாள். இரண்டு கையையும் வாயருகே குவித்து, கடற்கரைப் பெண்கள் வள்ளத்தைக் கூப்பிடுகிற குரலில் கத்தினாள்.

"இளைஞர் இயக்கத்துக்குக் கேள்வி! போர்ச்சுகலைத் தொட்டுக் கெடக்க நாடு எத்தன?"

எஸ்.ஐ. விழித்தார். காற்று அடித்தது. பனை ஓலைகள் சலசலத்தன.

டக்.

ஜன்னல் கதவில், உள்ளிருந்து. ஒரே ஒரு தட்டு.

"ஸ்பெயின் ஒண்ணுதான் சார்!" ஜின்சி திரும்பிக் கூவினாள். "சரியான விடை!"

"காத்துல கதவு அடிக்குது" என்றார் சிவபிரசாத். நெற்றியில் வியர்வை.

"சுவிட்சர்லாந்துக்கு எத்தன?"

டக். டக். டக். டக்… நான்கோடு நின்றது. உள்ளே ஏதோ உருண்டது. யாரோ யாரையோ இழுக்கிற சத்தம். பிறகு, கதவே பிளக்கிற மாதிரி, ஐந்தாவது தட்டு.

விரல்விட்டு எண்ணிக்கொண்டிருந்த எஸ்.ஐ. மடக்கிய விரல்களோடு கேட்டார். "சரியாம்மா?"

"பிரான்சு, ஜெர்மனி, இத்தாலி, ஆஸ்திரியா, லிக்டன்ஸ்டைன். அஞ்சு சார்."

"காத்துக்கு லிக்டன்ஸ்டைன் தெரியுமா சார்?" என்று சிவபிரசாத்தைக் கேட்டான் சுயம்புராஜ். "எனக்கே தெரியாது."

எஸ்.ஐ. தலையசைத்தார். ஒரு போலீஸ்காரர் சிவபிரசாத்தின் கையைப் பின்னால் வளைத்தார். மற்றவர்கள் கம்பியோடு படியேறினார்கள். மேலே பூட்டை அடிக்கும் சத்தம் கேட்டதும், பின்பக்கக் குழாய் வழியாக ஒருவன் இறங்கி, காலி இறால் தொட்டிக்குள் குதித்துக் குந்திக்கொண்டான். ததேயுஸ். ஓட்டப்பந்தயத்துக்கு லாயக்கில்லாத உடம்பு. சுயம்புராஜ் போய்த் தொட்டியின் விளிம்பில் வசதியாக உட்கார்ந்துகொண்டான்.

எல்லாம் முடிந்தது. இனி கேள்வி எதுவும் தேவையில்லை. ஆனாலும் ஜின்சி மதிலடியிலேயே நின்றாள். அவள் குரல் இப்போது உயரவில்லை. மேலே கேட்டிருக்குமா என்றே சந்தேகம்.

"அண்ணா… ஹாலந்துக்கு?"

பூட்டை அடிக்கிற சத்தம் ஒரு கணம் ஓய்ந்தது.

டக்.

டக்.

அவள் காத்திருந்தாள். இன்னொரு தட்டு வருமோ, பிடிவாதக்காரன் டென்மார்க்கையும் சேர்த்துவிடுவானோ என்று ஞானசெல்விகூட மூச்சைப் பிடித்துக்கொண்டு நின்றாள். வரவில்லை. இரண்டுதான். ஜெர்மனி, பெல்ஜியம்.

மேலே பூட்டு உடைந்து விழுந்தது.

"ஒத்துக்கிட்டான்க்கா" என்றாள் ஜின்சி. சிரிப்பும் அழுகையும் ஒன்றாக வந்து முகமெல்லாம் நனைந்திருந்தது. "நாலு வருசம் கழிச்சு ஒத்துக்கிட்டான்." சொல்லிவிட்டு, படியை நோக்கி ஓடினாள்.